பிரான்சில் திரைக்கதை ஆசிரியர் தொழில்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பிரெஞ்சுச் சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் திரைக்கதை எழுதிப் பிழைப்பது எப்படி என்று கேட்பவர்களுக்காக இந்தப் பக்கம். கலை பற்றிய அறிவுரை இதில் குறைவு. காகிதம், கையெழுத்து, காசு பற்றியே அதிகம் பேசுகிறோம், ஏனென்றால் அந்தத் தொழிலில் ஆட்கள் சறுக்கி விழுவது பெரும்பாலும் அங்கேதான்.

பிரெஞ்சுச் சட்டத்தில் திரைக்கதை ஆசிரியரின் இடம் என்ன?

அவர் படத்தின் ஆசிரியர்களில் ஒருவர். அறிவுசார் சொத்துச் சட்டத்தொகுப்பின் எல்.113-7 பிரிவு ஐந்து பேரைக் கூட்டு ஆசிரியர்களாக அனுமானிக்கிறது: திரைக்கதை எழுதியவர், தழுவல் செய்தவர், வசனம் எழுதியவர், படத்துக்கென்றே இசையமைத்தவர், இயக்குநர். நாவலிலிருந்தோ நாடகத்திலிருந்தோ எடுத்த படமென்றால் மூலநூலாசிரியரும் இவர்களோடு சேர்த்து வைத்துப் பார்க்கப்படுவார். தயாரிப்பாளர் இந்தப் பட்டியலில் இல்லை. சுரண்டல் உரிமைகளை, அதாவது படத்தைத் திரையிடவும் விற்கவும் ஒளிபரப்பவும் உள்ள உரிமையை, அவர் ஒப்பந்தம் போட்டு ஆசிரியர்களிடமிருந்து வாங்கிக்கொள்கிறார்.

நம்மூர் டைட்டிலில் ‘கதை, திரைக்கதை, வசனம், இயக்கம்’ என்று ஒரே பெயர் வருவதுபோல அங்கேயும் வருவதுண்டு. ஆனால் ஒவ்வொரு வேலைக்கும் தனி உரிமை, தனிப் பங்கு. ஒரே ஆள் மூன்று வேலை செய்தால் மூன்றையும் ஒப்பந்தத்தில் தனித்தனியாக எழுதுவதுதான் வழக்கம்.

அமெரிக்க முறையிலிருந்து இது எப்படி வேறுபடுகிறது?

ஹாலிவுட்டில் எழுத்தாளர் கூலிக்கு எழுதுகிறார், ஸ்டுடியோ சட்டப்படி ஆசிரியராகிறது. அதற்கு ஈடாக அங்கே வலுவான தொழிற்சங்கம் உண்டு, குறைந்தபட்சக் கூலி உண்டு, 2023-ல் நடந்ததுபோல 148 நாள் வேலைநிறுத்தம் செய்யும் பலமும் உண்டு. பிரான்சில் ஆசிரியர் ஊழியர் அல்லர், அதனால் அந்த மாதிரி வேலைநிறுத்தம் நடத்துவது கடினம். பதிலுக்குக் கிடைப்பது தார்மீக உரிமை: பெயர் போடச் சொல்லும் உரிமை, படைப்பைச் சிதைக்காதே என்று சொல்லும் உரிமை. இதை விற்க முடியாது, விட்டுக்கொடுக்கவும் முடியாது, காலாவதியும் ஆகாது.

இது எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு ஒரு வழக்கு சாட்சி. ஜான் ஹூஸ்டன் இயக்கிய 1950-ஆம் ஆண்டு கறுப்பு வெள்ளைப் படமான ‘தி ஆஸ்ஃபால்ட் ஜங்கிள்’-க்கு அமெரிக்க நிறுவனம் வண்ணம் ஏற்றியது. அதை 1988-ல் லா சாங்க் என்ற பிரெஞ்சுச் சேனல் ஒளிபரப்ப முனைந்தது. ஹூஸ்டனின் வாரிசுகளோடு திரைக்கதை எழுதிய பென் மேடோவும் பாரிஸ் நீதிமன்றத்துக்குப் போனார். அமெரிக்கச் சட்டப்படி அவர்களுக்கு எந்த உரிமையும் இல்லை என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் சொன்னது. 1991 மே 28 அன்று உச்ச நிலையிலுள்ள கசாசியோன் நீதிமன்றம் அந்தத் தீர்ப்பைத் தள்ளியது. எந்த நாட்டுப் படமானாலும் பிரான்சுக்குள் ஆசிரியரின் தார்மீக உரிமை செல்லும் என்பது அதன் நிலை. ஒரு திரைக்கதை ஆசிரியர் தன் நாட்டில் பெறாத உரிமையைப் பிரான்சில் பெற்ற வழக்கு இது.

ஒரு வரம்பு மட்டும் உண்டு. எல்.121-5 பிரிவின்படி, இறுதிப் பிரதி முடிவான பிறகுதான் தார்மீக உரிமையைப் பயன்படுத்த முடியும். வேலை நடந்துகொண்டிருக்கும்போது ‘என் காட்சியை வெட்டினார்கள்’ என்று வழக்குப் போட்டால் எடுபடுவது கடினம்.

மாதச் சம்பளம் உண்டா? வேலை இல்லாத காலத்தில் உதவித்தொகை?

இரண்டும் இல்லை. பிரெஞ்சுச் சினிமா என்றதும் எல்லோரும் சொல்லும் ‘எந்தெர்மித்தான்’ திட்டம், அதாவது 12 மாதத்தில் 507 மணிநேரம் வேலை செய்த கலைஞர்களுக்கும் தொழில்நுட்பத்தினருக்கும் வேலையில்லாக் காலத்தில் கிடைக்கும் உதவி, திரைக்கதை ஆசிரியருக்குப் பொருந்தாது. ஒளிப்பதிவாளருக்கு உண்டு, நடிகருக்கு உண்டு. இயக்குநருக்கும் உண்டு, ஏனென்றால் அவர் ஒரு பகுதியைச் சம்பளமாகவும் மீதியை ஆசிரியர் உரிமைத்தொகையாகவும் வாங்குகிறார். எழுதுகிறவருக்கு வருவது முழுவதும் உரிமைத்தொகை. சட்டம் அவரை ஆசிரியர் என்று உயர்த்திவைத்த அதே காரணத்தால் அவர் ஊழியருக்கான பாதுகாப்பு எதற்குள்ளும் வருவதில்லை. கீழே ஒப்பந்தத்தைப் பற்றி இவ்வளவு நீளமாகச் சொல்வதற்கு இதுவே காரணம்.

எங்கே படிக்கலாம்?

இரண்டு பெயர்கள் திரும்பத் திரும்பக் காதில் விழும். முதலாவது லா ஃபெமிஸ். 1986-ல் பழைய இதெக் பள்ளியின் இடத்தில் தொடங்கியது, இப்போது பாரிஸ் 18-ஆம் வட்டாரத்தில் முன்பு பாத்தே ஸ்டுடியோவாக இருந்த கட்டடத்தில் இயங்குகிறது. நான்காண்டுப் படிப்பு, அதில் திரைக்கதை தனித்துறை. நுழைவுத் தேர்வு கடுமை. பள்ளிப் படிப்புக்குப் பின் இரண்டாண்டு உயர்கல்வி வேண்டும், வயது வரம்பும் உண்டு. முதல் சுற்றில் ‘தோசியே தான்கெத்’ என்ற விசாரணைக் கோப்பு கேட்பார்கள்: கொடுத்த ஒரு சொல்லைப் பற்றி வெளியே போய் ஆட்களைப் பார்த்து, குறிப்பெடுத்து, படம் எடுத்துத் தொகுப்பது. ஊர் சுற்றாமல் நூலகத்தில் உட்கார்ந்து தயாரித்த கோப்பு உடனே தெரிந்துவிடும். 2013 முதல் தொடர் எழுதுவதற்கென்றே ஓராண்டுப் படிப்பும் இருக்கிறது.

இரண்டாவது சிஇஇஏ, ஐரோப்பிய ஒலி-ஒளி எழுத்துப் பயிலகம். 1996-ல் பாரிஸில் நிறுவியது. இயக்கம், ஒளிப்பதிவு எதுவும் இல்லை, எழுத்து மட்டுமே. தொலைக்காட்சியில் வேலை தேடுகிறவருக்கு இதுவே நேர்வழி என்பது எங்கள் கணிப்பு. ஆசிரியர்கள் பணியில் இருக்கும் எழுத்தாளர்கள் என்பதால் படிப்பு முடிவதற்குள் எழுத்து அறைகளில், அதாவது தொடரைக் குழுவாகக் கூடி எழுதும் இடங்களில், அறிமுகம் கிடைத்துவிடும்.

இவை தவிர எழுத்து முகாம்கள். பிரெத்தாஞில் லெ குரூப் உவெஸ்ட், நோர்மாந்தியில் மூலேன் தாந்தே இரண்டும் பெயர் பெற்றவை. முகாமுக்கு முடிந்த திரைக்கதை தேவையில்லை, சில பக்கச் சுருக்கமும் நோக்கக் குறிப்பும் போதும்.

படிக்காமல் நுழைய முடியாதா?

முடியும், பலர் அப்படித்தான் வந்தார்கள். நடைமுறையில் மூன்று வாசல். ஒன்று, தயாரிப்பு நிறுவனத்துக்கோ சேனலுக்கோ வரும் திரைக்கதைகளைப் படித்து மதிப்பீடு எழுதும் ‘லெக்தெர்’ வேலை. காசு சொற்பம், ஆனால் நூறு மோசமான திரைக்கதையைப் படித்தவருக்கு எங்கே கதை தொய்கிறது என்பது கைவந்துவிடும். இரண்டு, குறும்பட இயக்குநரோடு கூட்டு எழுத்து. மூன்று, தினத்தொடரின் வசனப் பிரிவு. கையில் ஒரு முழுமையான மாதிரி எபிசோட் இல்லாமல் இந்த மூன்றில் எதிலும் கால் வைக்க முடியாது. ‘யோசனை இருக்கிறது’ என்று போகிறவரை யாரும் நினைவில் வைத்துக்கொள்வதில்லை.

லீல் நகரில் நடக்கும் சீரிஸ் மேனியா விழா, செப்டம்பரில் லா ரொஷெலில் நடக்கும் தொலைக்காட்சிப் புனைவு விழா போன்றவற்றில் தயாரிப்பாளர்களை நேரில் பிடிக்கலாம்.

என்னென்ன ஆவணங்கள் எழுத வேண்டும்? எத்தனை பக்கம்?

சினிமாவுக்கு இந்த வரிசை:

சினாப்சிஸ், 1 முதல் 3 பக்கம். முடிவைச் சொல்லிவிட வேண்டும். ‘பிறகு என்ன நடக்கிறது?’ என்று தொக்கி நிறுத்துவது போஸ்டர் வேலை, தயாரிப்பாளருக்கு அது எரிச்சல்.

நோக்கக் குறிப்பு, 1 அல்லது 2 பக்கம். இந்தக் கதை ஏன், ஏன் இந்தக் கோணத்தில் என்பது. நிதிக்குழுக்கள் இதைத்தான் முதலில் படிக்கின்றன. கதையையே திரும்பச் சொல்லி வீணடிப்பதுதான் இங்கே அதிகம் நடக்கும் தவறு.

ட்ரெட்மான், 20 முதல் 30 பக்கம். வசனம் இல்லாமல், நிகழ்காலத்தில், முழுக்கதை.

செகான்சியே, காட்சிவரிசை. உள்ளே/வெளியே, இடம், பகல்/இரவு, நடப்பது இரண்டு மூன்று வரியில்.

கொந்தினுயித்தே தியலோகே, வசனத்தோடு கூடிய முழுத் திரைக்கதை. 90 முதல் 110 பக்கம். ஒரு பக்கம் ஏறத்தாழ ஒரு நிமிடம் என்பது கணக்கு. முதல் வடிவம் வி1, திருத்தியது வி2, இப்படியே ஏறும்.

தொடருக்கு இவற்றோடு ‘பைபிள்’ வேண்டும்: உலகம், பாத்திரங்கள், சீசனின் வளைவு (சீசன் முழுவதும் கதை போகும் போக்கு), எபிசோட் சுருக்கங்கள், நடை. கூடவே ஒரு பைலட் எபிசோட், 52 நிமிட வடிவமென்றால் 50 முதல் 60 பக்கம். 26, 52, 90 நிமிடம் ஆகிய மூன்றும்தான் பிரெஞ்சுத் தொலைக்காட்சியின் வழக்கமான அளவுகள். பைபிளில் பாத்திரங்களின் பள்ளிப் பருவம்வரை எழுதிவிட்டு, அவர்களுக்குள் யாருக்கு யாரோடு மோதல் என்பதை விட்டுவிடுவார்கள். சேனலில் படிக்கிறவர் இரண்டாவது சீசன் எதிலிருந்து கிளம்பும் என்று தேடுவார், அது கிடைக்காவிட்டால் மூடிவைத்துவிடுவார்.

யாராவது திருடிவிட்டால்? பதிவு செய்வது எப்படி?

பிரான்சில் உரிமை பிறப்பது எழுதிய கணத்தில், பதிவால் அல்ல. பதிவு தேதிக்குச் சாட்சி மட்டுமே. ஆசிரியர் சங்கமான எஸ்ஏசிடியில் வைப்புச் செய்யலாம், அல்லது காப்புரிமை அலுவலகமான ஐஎன்பிஐயின் மின்னணு ‘சோலோ உறை’யைப் பயன்படுத்தலாம். அந்த உறை ஐந்தாண்டு செல்லும், புதுப்பிக்கலாம். யாருக்கும் அனுப்புவதற்கு முந்தைய நாள் பதிவு செய்யுங்கள். ஒவ்வொரு பெரிய வடிவத்தையும் தனியாகப் பதியுங்கள். கூட்டாக எழுதினால் எல்லோர் பெயரிலும் பதியுங்கள்.

யோசனைக்குப் பாதுகாப்பு இல்லை என்பதை மறக்கக் கூடாது. ‘வங்கிக் கொள்ளையில் மாட்டிய மாமியார்’ என்ற ஒரு வரி யாருக்கும் சொந்தமில்லை. பாத்திரங்களும் காட்சிகளும் விரிவாக எழுதப்பட்டிருந்தால்தான் ஒப்பிட்டுக் காட்ட ஏதாவது இருக்கும்.

எஸ்ஏசிடி என்பது என்ன?

நாடக ஆசிரியர் பொமார்ஷே 1777-ல் கூட்டிய எழுத்தாளர் குழுவிலிருந்து வந்த சங்கம். நாடகக் கொட்டகைகள் வசூல் கணக்கை மறைத்ததுதான் அன்றைய சண்டை. இன்று புனைவு, சினிமா, அனிமேஷன் ஆசிரியர்களுக்காகச் சேனல்களிடமிருந்தும் தளங்களிடமிருந்தும் பணம் வாங்கிப் பிரித்துக் கொடுக்கிறது. ஆவணப்படமென்றால் அதற்கு ஸ்காம் என்ற வேறு சங்கம். பேரம் பேசுவதும் ஒப்பந்த மாதிரி தருவதும் இன்னொரு அமைப்பின் வேலை: பிரெஞ்சுத் திரைக்கதை ஆசிரியர் கில்ட். சினிமா எழுத்தாளர்களுக்கு எஸ்சிஏ என்ற தனிச் சங்கமும் இருக்கிறது.

ஒப்பந்தத்தில் எதைப் பார்க்க வேண்டும்?

முதலில், எழுத்தில் இல்லாத ஒப்பந்தம் செல்லாது. ஒவ்வொரு உரிமையும் தனித்தனியாகப் பெயர் சொல்லி எழுதப்பட வேண்டும். எந்த அளவு, எந்த நோக்கம், எந்த இடம், எவ்வளவு காலம் என்று வரையறுக்க வேண்டும். எழுதாத உரிமை ஆசிரியரிடமே தங்கும்.

பெரும்பாலும் முதலில் வருவது ‘ஒப்சியோன்’. சிறு தொகை கொடுத்து, குறிப்பிட்ட மாதங்களுக்குத் தயாரிப்பாளர் கதையைப் பிடித்துவைக்கிறார். காலம் முடிந்ததும் புதுப்பிக்க மறுபடி பணம் தர வேண்டும் என்ற வரி இருக்கிறதா என்று பாருங்கள். ‘தானாகவே நீடிக்கும்’ என்றிருந்தால் பேனாவை மூடிவையுங்கள்.

பிறகு உரிமை மாற்ற ஒப்பந்தம். இதில் ‘மினிமோம் கராந்தி’ என்ற உறுதித்தொகை தவணைகளாக வரும். ஓர் உதாரணக் கணக்கு பார்ப்போம். மொத்தம் 50,000 யூரோ என்று வையுங்கள். கையெழுத்தில் 20 சதவீதம், அதாவது 10,000. ட்ரெட்மான் கொடுத்ததும் 10,000. வி1 கொடுத்ததும் 25 சதவீதம், 12,500. கடைசி வடிவம் ஏற்கப்பட்டதும் 15 சதவீதம், 7,500. படப்பிடிப்பின் முதல் நாள் 10,000.

இந்த அட்டவணையில் இரண்டு குழிகள் உண்டு. ‘கொடுத்ததும்’ என்பதும் ‘ஏற்கப்பட்டதும்’ என்பதும் ஒன்றல்ல. கொடுத்தது மின்னஞ்சல் தேதியால் நிரூபணமாகும். ஏற்பது தயாரிப்பாளர் கையில், சேனல் பதில் சொல்லவில்லை என்று மாதக்கணக்கில் இழுக்கலாம். எனவே ‘கொடுத்து இத்தனை நாளில் எழுத்தில் மறுப்பு வராவிட்டால் ஏற்றதாகக் கருதப்படும்’ என்ற வரியைச் சேர்க்க வேண்டும். அடுத்தது கடைசித் தவணை. நிதி சேராமல் நின்றுபோகும் படம் ஏராளம், படப்பிடிப்பே இல்லையென்றால் அந்த 10,000 வராது. படப்பிடிப்பில் தொங்கும் பங்கு எவ்வளவு குறைவோ அவ்வளவு நல்லது. முதல் ஒப்பந்தத்தில் கையெழுத்துத் தொகை பெரிதாக இருக்கிறதா என்று மட்டும் பார்த்துவிட்டுக் கடைசித் தவணையில் பாதியைக் கட்டிவைத்துவிடுவார்கள்.

எத்தனை திருத்த வடிவங்கள் இந்தத் தொகைக்குள் அடங்கும் என்று எண் போட்டு எழுத வேண்டும். இரண்டு என்றால் மூன்றாவதுக்குத் தனிக்காசு. எண் இல்லாத ஒப்பந்தத்தில் வி7 வரை போவது சாதாரணம்.

படம் குறிப்பிட்ட ஆண்டுகளில் எடுக்கப்படாவிட்டால் உரிமை திரும்ப வரும் என்ற வரியும் அவசியம். வாங்கிய தொகையைத் திருப்பித் தர வேண்டுமா, வேறு தயாரிப்பாளர் எடுக்கும்போது தர வேண்டுமா என்பதைத் தெளிவாக்குங்கள். பின்னதுதான் நியாயம்.

சதவீதம் என்று எழுதியிருக்கிறார்களே, அதில் பணம் வருமா?

சட்டப்படி ஒவ்வொரு சுரண்டல் முறைக்கும் விகிதாசாரப் பங்கு கொடுக்க வேண்டும். வழக்கமாகத் தயாரிப்பாளரின் நிகர வருவாய்ப் பங்கில் ஒரு சதவீதம் எழுதுவார்கள், படத்தின் செலவு அடைபட்ட பிறகு அது கூடும். ஆனால் உறுதித்தொகை என்பது இந்தச் சதவீதத்தின் முன்பணம். மேலே சொன்ன உதாரணத்தில் பங்கு 1 சதவீதம் என்றால், தயாரிப்பாளரின் நிகர வருவாய் 50 லட்சம் யூரோவைத் தாண்டும்வரை ஒரு சென்ட்கூட வராது. பெரும்பாலான படங்கள் அந்த இடத்துக்குப் போவதே இல்லை. ஆகவே உறுதித்தொகைதான் உண்மையான கூலி என்று நினைத்துப் பேரம் பேசுவதே புத்திசாலித்தனம்.

ஆண்டுக்கு ஒருமுறையாவது தயாரிப்பாளர் கணக்கு அனுப்புவது கட்டாயம். அனுப்பாவிட்டால் பதிவுத்தபாலில் கேளுங்கள். படத்தின் ஒப்பந்தங்கள் தேசிய சினிமா மையமான சிஎன்சியின் சினிமா மற்றும் ஒலி-ஒளிப் பதிவேட்டில் பதியப்படுகின்றன. அது பொதுப் பதிவேடு. தயாரிப்பாளர் உரிமையை யாருக்கு அடகு வைத்திருக்கிறார், எந்த விநியோகஸ்தருக்கு விற்றார் என்பதை அங்கே போய்ப் பார்க்கலாம். பலர் இதை மறந்துவிடுகிறார்கள்.

தொலைக்காட்சியில் பணம் எப்படி வருகிறது?

இங்கே கதை மாறுகிறது. ஒளிபரப்புக்கான பணத்தைச் சேனல் நேராக எஸ்ஏசிடிக்குக் கொடுக்கிறது, சங்கம் ஆசிரியர்களுக்குப் பிரிக்கிறது. தயாரிப்பாளர் நடுவில் இல்லை, உறுதித்தொகையில் இதைக் கழிக்கவும் முடியாது. அளவு சேனலையும் நிமிடங்களையும் பொறுத்தது. மறுஒளிபரப்புக்கும் வரும். பத்தாண்டு ஓடும் காவல்துறைத் தொடரை எழுதியவர் நிம்மதியாக இருப்பதும், விருது வாங்கிய சினிமா எழுத்தாளர் வாடகைக்குத் திண்டாடுவதும் இதனால்தான்.

இந்தப் பணத்துக்குச் சாவி ஒரே ஒரு படிவம்: படைப்பு அறிவிப்புப் படிவம். யார் யார் எழுதினார்கள், இயக்கியது யார், யாருக்கு எத்தனை சதவீதம் என்று அதில் இருக்கும், கூட்டு ஆசிரியர்கள் எல்லோரும் கையெழுத்திட வேண்டும். ஒருவர் முறைத்துக்கொண்டால் பங்கீடு நின்றுபோகும். ஒளிபரப்புக்குப் பிறகு அறையில் உட்கார்ந்து சதவீதம் பேசுவது சண்டைக்குக் கூப்பிடுவது. முதல் வடிவம் முடிந்ததுமே ஒரு பக்கக் கடிதத்தில் பங்கை எழுதி வைத்துக்கொள்ளுங்கள். தொடரின் பைபிள் எழுதியவருக்கு எபிசோட் வாரியாக ‘பைபிள் பங்கு’ உண்டு, அவர் அந்த எபிசோடில் ஒரு வரிகூட எழுதாவிட்டாலும்.

என் திரைக்கதையை வேறொருவர் திருத்தி எழுதினால்?

நடக்கும். ஒப்பந்தத்தில் அதற்கு ஒரு பிரிவு நிச்சயம் இருக்கும். நீங்களே விலகினாலோ முடிக்க இயலாமல் போனாலோ, அதுவரை எழுதியதைத் தயாரிப்பாளர் பயன்படுத்துவதைத் தடுக்க முடியாது, ஆனால் எழுதிய பகுதிக்கு ஆசிரியர் என்ற நிலை உங்களுக்குத்தான் (எல்.121-6). பேரம் பேச வேண்டியது: டைட்டிலில் பெயர் எப்படி வரும், பங்கு எந்த அளவுக்குக் கீழே குறையாது என்பன.

நல்ல முன்மாதிரி ‘அன் புரொஃபெத்’ படம். அப்தெல் ரவூஃப் தஃப்ரி, நிக்கோலா பெஃபயி இருவரின் திரைக்கதையை இயக்குநர் ழாக் ஓடியாரும் தோமா பிதெகேனும் வெகுவாக மாற்றி எழுதினார்கள். டைட்டிலில் முதலிருவர் ‘மூலத் திரைக்கதை’ என்று இடம்பெற்றார்கள். 2010-ல் சிறந்த மூலத் திரைக்கதைக்கான செசார் என்ற பிரெஞ்சுத் திரைப்பட விருதை நால்வரும் பெற்றார்கள்.

தினத்தொடரில் எழுதுவது எப்படி இருக்கும்?

‘பிளு பெல் லா வீ’ 2004 ஆகஸ்டில் பிரான்ஸ் 3-ல் தொடங்கி, மார்செயில் எடுக்கப்பட்டு, 2022 நவம்பர்வரை 4,600 எபிசோடுக்கு மேல் ஓடியது. 2024 ஜனவரியில் டிஎஃப்1 சேனல் அதை மீட்டெடுத்தது. அது முதலில் ஓடிக்கொண்டிருந்தபோதே செத் நகரில் ‘தெமேன் நூசாபார்த்தியான்’, மோன்பெலியேவில் ‘அன் சி கிரான் சொலெய்’ என்று மற்றவையும் வந்தன. இன்று புது எழுத்தாளருக்கு ஒழுங்கான வருமானம் தருவதில் தினத்தொடருக்கு நிகர் குறைவு.

வேலை பாகம் பிரித்து நடக்கும். எழுத்து இயக்குநர் நீண்ட வளைவுகளைத் தீர்மானிப்பார். ஒரு குழு வாரத்தின் ஐந்து எபிசோடுக்கும் ஏ, பி, சி என்று கதையிழைகளைப் பின்னி காட்சிவரிசை தயாரிக்கும். வசன எழுத்தாளர்கள் தனித்தனி எபிசோடை எடுத்துப்போய்ச் சில நாளில் திருப்பித் தருவார்கள். பிறகு ஒருவர் எல்லாவற்றையும் ஒரே குரலுக்குக் கொண்டுவருவார். எழுதும்போதே செட் கணக்கு மண்டையில் இருக்க வேண்டும்: இந்த வாரம் எந்த உள்ளரங்கம் இருக்கிறது, எந்த நடிகர் விடுப்பில், வெளிப்புறக் காட்சி எத்தனை அனுமதி. நடிகருக்கு உடம்பு சரியில்லை என்றால் அன்று மாலையே மூன்று காட்சியை வேறொரு பாத்திரத்துக்கு மாற்ற வேண்டிவரும். நல்ல வசனம் எழுதத் தெரிந்தும் இங்கே தாக்குப்பிடிக்காதவர்கள் பெரும்பாலும் தேதியில் தோற்றவர்கள்.

ஷோரன்னர் என்ற பதவி பிரான்சில் உண்டா?

ஷோரன்னர் என்றால் எழுத்து முதல் படத்தொகுப்புவரை தொடர் முழுவதையும் மேற்பார்க்கும் தலைமை எழுத்தாளர். சொல் வந்துவிட்டது, அதிகாரம் அரைகுறையாகத்தான் வந்திருக்கிறது. கனால் பிளஸ் சேனலின் ‘ஆங்கிரெனாழ்’ 2005 முதல் 2020 வரை எட்டு சீசன் ஓடியது, இடையில் எழுத்துப் பொறுப்பு பலமுறை கைமாறியது. நெருங்கிய உதாரணம் எரிக் ரொஷானின் ‘லெ பியூரோ தெ லெழாந்த்’: 2015 முதல் 2020 வரை ஐந்து சீசன், சீசனுக்குப் பத்து எபிசோட். எழுத்து அறை, செட், படத்தொகுப்பு மூன்றும் ஒருவர் மேற்பார்வையில், ஒரு சீசன் படமாகும்போதே அடுத்தது எழுதப்படும் வேகத்தில் நடந்தது. கடைசி இரண்டு எபிசோடை ஓடியார் கையில் கொடுத்தார் ரொஷான்.

மறுபக்கம், ‘தி பூர் சான்’ தொடரை உருவாக்கிய ஃபானி எரெரோ மூன்றாம் சீசனோடு விலகினார். நான்காவது அவர் இல்லாமல் வந்தது. எந்தக் கட்டத்தில் யார் சொல்வது இறுதி என்பது ஒப்பந்தத்தில் எழுதப்படாவிட்டால் ‘உருவாக்கியவர்’ என்ற பட்டம் தீர்மானிக்கும் உரிமையைத் தருவதில்லை.

இயக்குநர்களே எழுதிக்கொள்கிறார்களே, தனி எழுத்தாளருக்குச் சினிமாவில் இடம் இருக்கிறதா?

1954 ஜனவரியில் ஃபிரான்சுவா த்ரூஃபோ ‘கையே து சினிமா’ இதழில் ஒரு கட்டுரை எழுதினார். அன்றைய பெரும் திரைக்கதை ஜோடியான ழான் ஓரான்ஷ், பியேர் போஸ்ட் இருவரையும் அது கடுமையாகத் தாக்கியது. இயக்குநரே ஆசிரியர் என்ற கொள்கை அங்கிருந்து வேர்விட்டது. ‘புது அலை’ என்ற திரை இயக்கத்துக்குப் பிறகு பல பத்தாண்டுகள் திரைக்கதை ஆசிரியர் இரண்டாம் வரிசையில் நின்றார். காசுக் காரணமும் உண்டு: இயக்குநர் எழுத்திலும் பெயர் போட்டால் அவருடைய ஆசிரியர் பங்கு கூடுகிறது. கடைசி நேரத்தில் வந்து நாலு வசனம் மாற்றிய இயக்குநர் இணை எழுத்தாளராகப் பெயர் கேட்பது பழைய சிக்கல். அவர் ஒப்பந்தமாகும் தேதிக்கு முன் உங்கள் வடிவத்தைப் பதிவு செய்து வைத்திருப்பதே மருந்து.

ஆனால் தனி எழுத்தாளராக நெடுங்காலம் நிலைத்தவர்களும் உண்டு. ழான்-குளோத் கரியேர் (1931–2021) அதில் தலையானவர். பியேர் எத்தேயோடு செய்த குறும்படத்துக்கு ஆஸ்கர், புனுவேலோடு ஏறத்தாழ இருபதாண்டு, ஷ்லோண்டோர்ஃபோடு ‘தகர முரசு’. பீட்டர் புரூக்குக்காக மகாபாரதத்தை நாடகமாக்கினார். 1985-ல் அவிஞோன் விழாவில் ஒரு கல்குவாரியில் ஒன்பது மணிநேரம் நடந்தது அது. லா ஃபெமிஸின் முதல் தலைவரும் அவரே. இந்திய அரசு 2015-ல் பத்மஸ்ரீ கொடுத்தது. ஒரே இயக்குநரைச் சாராமல் பல நாட்டு இயக்குநர்களோடு வேலை செய்தது அவரது பலம்.

சிஎன்சி என்ன உதவி செய்யும்?

1946-ல் அமைந்த தேசிய சினிமா மையம் இது. ஒவ்வொரு டிக்கெட்டிலும் 10.72 சதவீத வரி இங்கே போகிறது, அந்தப் பணம் மறுபடி படங்களுக்கே திரும்புகிறது. புகழ்பெற்ற ‘வசூல் முன்பணம்’ 1959-ல் வந்தது: திரைக்கதையைப் படித்துக் குழு தீர்மானிக்கும், படம் ஓடினால் திருப்பிக் கட்ட வேண்டும். முதல் படம் எடுப்பவர்களுக்குத் தனிக்குழு. எழுதும் கட்டத்துக்கும் மீள் எழுத்துக்கும் தனி உதவிகள் உண்டு. தொலைக்காட்சிக்குப் புதுமை நிதி இருக்கிறது.

மறுக்கப்பட்ட அதே கோப்பைச் சின்னத் திருத்தத்தோடு மறுபடி போடுவது பயனில்லை. அத்தோடு, கூட்டு ஆசிரியர் கையெழுத்து ஒன்று விடுபட்டால் கோப்பு படிக்கப்படும் முன்பே திரும்பும்.

நெட்ஃபிளிக்ஸ் போன்றவை வந்தபின் என்ன மாறியது?

2014 செப்டம்பரில் நெட்ஃபிளிக்ஸ் பிரான்சுக்கு வந்தது, எஸ்ஏசிடி அதோடு உடன்படிக்கை செய்துகொண்டது. 2021 ஜூன் 22 ஆணை வந்தபின் பெரிய தளங்கள் பிரெஞ்சு வருவாயில் 20 முதல் 25 சதவீதத்தை ஐரோப்பிய, பிரெஞ்சுத் தயாரிப்பில் போட வேண்டும். வேலை கூடியது உண்மை. ஒப்பந்தம் ஆங்கிலத்தில் வந்து அமெரிக்கச் சட்டம் பொருந்தும் என்று எழுதியிருந்தால் கையெழுத்துக்கு முன் சங்கத்தின் வழக்கறிஞரிடம் காட்டுங்கள்.

வரி, ஓய்வூதியம்?

கலைஞர்-ஆசிரியர் சமூகப் பாதுகாப்பு என்ற திட்டத்தில் சேர்வது கட்டாயம். 2019 முதல் பிடித்தத்தை லிமூசேன் உர்சாஃப் என்ற சமூகப் பங்களிப்பு வசூல் அலுவலகம் வாங்குகிறது. மொத்தத் தொகையில் சுமார் 16 சதவீதம் அடிப்படைப் பங்களிப்பு, அதற்குமேல் ஐர்செக் நடத்தும் துணை ஓய்வூதியம். தயாரிப்பாளர் பிடித்துக் கட்டினால் அந்தச் சான்றிதழை ஒவ்வொரு தவணையிலும் கேட்டு வாங்கி வையுங்கள், முப்பதாண்டு கழித்து ஓய்வூதியக் கணக்கில் ஒரு காலாண்டு காணாமல் போனால் அந்தத் தாள்தான் பேசும். தனித்தொழிலாகப் பதிய 2023 ஜனவரி முதல் ஐஎன்பிஐயின் ஒற்றைச் சாளரத் தளம். அப்தாஸ் என்ற பயிற்சி நிதி அமைப்பின் வழியாகத் தொழிற்பயிற்சிக்கு நிதியும் கிடைக்கும்.

ஏஜென்ட் தேவையா?

முதல் ஒப்பந்தம் கையில் வரும்போது தேவை, அதற்கு முன் கிடைப்பது கடினம். வழக்கமான கழிவு 10 சதவீதம். ஏஜென்ட் வேலை தேடித் தருவார் என்று உட்காரக் கூடாது. அவர் பேரம் பேசுவார், பாக்கியை வசூலிப்பார், கெட்ட செய்தியை உங்களுக்குப் பதில் அவரே சொல்வார்.

பிரெஞ்சு சரியாக எழுத வராத ஒருவர் இதில் சேர முடியுமா?

இணை எழுத்தாளராக முடியும். ஆனால் சேனல்கள் ஒளிபரப்பும் படைப்புகளில் 40 சதவீதம் பிரெஞ்சு மொழி மூலப்படைப்புகளாக இருக்க வேண்டும், அதனால் பிறமொழித் திரைக்கதைக்குக் கதவு குறுகல். திறந்ததற்குச் சான்றும் இருக்கிறது: 2015-ல் கானில் தங்கப்பனை வென்ற ‘தீபன்’. உரையாடலில் பெரும்பகுதி தமிழ், முதன்மைப் பாத்திரத்தில் ஷோபாசக்தி என்று நாம் அறியும் அந்தோனிதாசன் ஜேசுதாசன். திரைக்கதைப் பெயர் ஓடியார், பிதெகேன், நோயே தெப்ரே ஆகிய மூன்று பிரெஞ்சுக்காரர்களுடையது.

இப்படியொரு படத்தில் தமிழ் வசனத்துக்கு உங்களைக் கூப்பிட்டால், வேலை தொடங்கும் முன் ஒன்றை எழுத்தில் தீர்த்துக்கொள்ளுங்கள். கொடுத்த பிரெஞ்சு வரியைத் தமிழாக்குவது மட்டும் என்றால் அது மொழிபெயர்ப்பு ஒப்பந்தம், ஒருமுறைத் தொகை. யாழ்ப்பாணத்து ஆள் எப்படிப் பேசுவான் என்று புதிதாக வசனம் கட்டித் தருகிறீர்கள் என்றால் அது வசன ஆசிரியர் வேலை. அதற்கு டைட்டிலில் பெயர், உறுதித்தொகை, எஸ்ஏசிடி படிவத்தில் பங்கு மூன்றையும் கேளுங்கள். படப்பிடிப்புத் தளத்தில் நடிகருக்குப் பக்கத்தில் நின்று வாய்மொழியாகத் திருத்திக் கொடுத்த வரிகளுக்கு எந்தத் தாளும் இருக்காது. அன்றன்று மாலையே திருத்திய பக்கங்களைத் தேதியோடு தயாரிப்பு அலுவலகத்துக்கு மின்னஞ்சலில் அனுப்பிவிடுங்கள்.